ஒரு தாய் கேட்ட நீதி

மே மாதம் 30ஆம் நாள் புனித ஜோன் ஆஃப் ஆர்க்கைத் திருச்சபை நினைவுகூருகிறது. கவசம் அணிந்து, கையில் கொடியேந்தி நிற்கும் அவருடைய படத்தை நம்மில் பலர் பார்த்திருக்கிறோம். பிரான்சு நாட்டைக் காத்த வீரப்பெண், தீயில் எரிக்கப்பட்ட கன்னி என்று மறைக்கல்வி வகுப்பிலும் கேட்டிருக்கிறோம். ஆனால் அவர் அடைபட்டிருந்த சிறையைப் பற்றியும், அவர் இறந்து 24 ஆண்டுகளுக்குப் பின் அவருடைய தாய் நீதி கேட்டு வந்ததைப் பற்றியும் நாம் அதிகம் பேசுவதில்லை. இன்று அதைச் சற்றுச் சிந்திப்போம்.

ஏறத்தாழ 1412ஆம் ஆண்டு தோம்ரெமி என்னும் சிற்றூரில் விவசாயக் குடும்பத்தில் பிறந்தவர் ஜோன். செபங்களைத் தம் தாய் இசபெல் ரோமேயிடமிருந்தே கற்றார். எழுதப் படிக்கத் தெரியாது. 1429ஆம் ஆண்டு மே மாதம் ஒர்லேயான் நகரின் முற்றுகையை முறியடிக்கப் படையோடு நின்றார். ஜூலை 17ஆம் நாள் ஏழாம் சார்லஸ் ரேம்ஸ் பேராலயத்தில் முடிசூட வழிசெய்தார். அடுத்த ஆண்டு மே 23ஆம் நாள் கொம்பியேன் நகருக்கு வெளியே பர்கண்டியர்களிடம் பிடிபட்டார். அவர்கள் அவரை 10,000 லிவ்ர் பணத்துக்கு ஆங்கிலேயரிடம் ஒப்படைத்தார்கள். அவரால் முடிசூடிய மன்னர் அவரை மீட்க முன்வரவில்லை.

போர்க்கைதியைப் பணயத்தொகை பெற்று விடுவிப்பது அக்கால வழக்கம். ஆங்கிலேயர் அதை விரும்பவில்லை. ஜோன் தப்பறைக்காரி என்று தீர்ப்பு வந்தால், அவரால் முடிசூடிய அரசரின் பெயரும் கெடும் அல்லவா? எனவே விசுவாச வழக்கு ஒன்று தொடரப்பட்டது. ஆங்கிலேய அரசின் ஆலோசகராக இருந்த போவே ஆயர் பியேர் கோஷோன் நீதிபதி ஆனார். ஆயர் ஒருவரே இதைச் செய்தார் என்பதை எழுத நமக்கு வருத்தமாகத்தான் இருக்கிறது. ஆனால் மறைப்பதால் பயன் இல்லை.

விசுவாச வழக்கில் விசாரிக்கப்படும் பெண்ணைத் திருச்சபையின் சிறையில், பெண்களின் காவலில் வைக்க வேண்டும். ஜோனையோ ரூவான் கோட்டையில், ஆங்கிலப் படைவீரர்களின் காவலில் வைத்தார்கள். காலில் விலங்கு, இரவில் அந்த விலங்கை ஒரு பெரிய மரக்கட்டையோடு சங்கிலியால் பிணைத்தார்கள். ஐந்து காவலரில் மூவர் இரவில் அறைக்குள்ளேயே இருந்தார்கள். ஆண் உடையைக் களைய அவர் ஏன் மறுத்தார் என்பது அந்த அறையை நினைத்துப் பார்த்தாலே புரியும். அந்த உடையே பின்னர் அவர்மீது குற்றமாயிற்று.

வாதாட வழக்கறிஞர் இல்லை. அவருடைய சொந்த ஊரில் விசாரித்து வரச் சென்றவர்கள் குறை எதையும் கண்டுபிடிக்கவில்லை. அந்த விசாரணை வழக்கில் சேர்க்கப்படவும் இல்லை. குருவானவர் ஒருவர் அவருடைய ஊர்ப்பக்கத்தவர்போல் நடித்து அவரிடம் பேச்சுக் கொடுத்தார்; அடுத்த அறையில் ஒளிந்து அதைக் கேட்டு எழுதும்படி நீதிமன்ற எழுத்தர்களுக்குச் சொல்லப்பட்டது. தலைமை எழுத்தர் கியோம் மான்ஷோன் அப்படி எழுத மறுத்தார். அந்த மறுப்பை நாம் சிறிதாக எண்ணக் கூடாது. ஜான் லோயே என்ற சட்ட அறிஞர், வழக்கு முறைப்படி நடக்கவில்லை, எனவே செல்லாது என்று வெளிப்படையாகச் சொல்லிவிட்டு ஊரைவிட்டே போக வேண்டியதாயிற்று. நீதிபதிகளின் தகுதியைக் கேள்வி கேட்ட வேறொரு குருவானவர் சிறையில் தள்ளப்பட்டார்.

அருள்நிலையில் இருக்கிறாயா என்றும் ஜோனிடம் கேட்டார்கள். ஆம் என்றால் ஆணவம், இல்லை என்றால் குற்ற ஒப்புதல். எப்படி இருந்தாலும் தன் நிலையைக் கடவுளே பார்த்துக்கொள்ளட்டும் என்ற பொருளில் அந்தப் பத்தொன்பது வயதுப் பெண் பதில் சொன்னபோது, கேட்டவர்கள் திகைத்துப் போனார்கள்.

1431ஆம் ஆண்டு மே 24ஆம் நாள் கல்லறைத் தோட்டம் ஒன்றில் மக்கள் முன் அவரை நிறுத்தினார்கள். தம் வழக்கைத் திருத்தந்தையிடம் அனுப்பும்படி அவர் கேட்டார். திருத்தந்தை வெகு தொலைவில் இருக்கிறார் என்று தட்டிக்கழித்தார்கள். மேல்முறையீட்டுக் கதவு அங்கேயே அடைக்கப்பட்டது. தீயின் அச்சத்தில் ஒரு தாளில் அடையாளமிட்டார். அந்தத் தாளில் ஆறேழு வரிகளே இருந்தன என்று நேரில் பார்த்தவர்கள் பின்னாளில் சாட்சி சொன்னார்கள். வழக்குப் பதிவேட்டில் இருப்பதோ மிக நீண்ட அறிக்கை! அடையாளமிட்ட பிறகும் திருச்சபைச் சிறைக்கு அல்ல, அதே காவலர்களிடமே அனுப்பப்பட்டார். சில நாள்களில் மீண்டும் ஆண் உடையில் காணப்பட்டார். மே 30ஆம் நாள் காலை நற்கருணை பெற்றார். பழைய சந்தை வெளியில் எரிக்கப்பட்டார். அரசு நீதிபதி தண்டனை என்று ஒன்றை வாசிக்கக்கூட இல்லை.

ஏறத்தாழ இருபது ஆண்டுகள் ஒன்றும் நடக்கவில்லை. 1449ஆம் ஆண்டு ரூவான் நகர் சார்லஸ் மன்னர் கைக்கு வந்தது. மறு ஆண்டே அவர் விசாரணைக்கு ஆணையிட்டார். தம் முடியின் மேலிருந்த களங்கத்தைத் துடைக்கும் அக்கறையும் அதில் இருந்தது என்பதை மறுக்க முடியாது. ஆனால் திருச்சபை நீதிமன்றம் தந்த தீர்ப்பை அரசர் நீக்க முடியாது. பாதிக்கப்பட்ட குடும்பம் திருத்தந்தையிடம் முறையிட வேண்டும். தந்தை இறந்துவிட்டார். இசபெல் முறையிட்டார். 1455ஆம் ஆண்டு ஜூன் மாதம் திருத்தந்தை மூன்றாம் கலிஸ்து மறுவிசாரணைக்கு ஆணை தந்தார். மகளுக்கு மறுக்கப்பட்ட மேல்முறையீடு தாயின் கைக்கு வந்தது.

நவம்பர் 7ஆம் நாள் பாரிசு நோத்ர்தாம் பேராலயத்தில் முதியவரான இசபெல், துயர உடையில், மகன்களோடும் ஒர்லேயான் மக்களோடும் வந்து நீதிபதிகள் முன் முழந்தாளிட்டார். கூட்டமும் கூச்சலும் பெருகவே, நீதிபதிகள் அவரைத் திருப்பொருள் அறைக்கு அழைத்துச் சென்று பேச வேண்டியிருந்தது. பிறகு தோம்ரெமி, ஒர்லேயான், பாரிசு, ரூவான் ஆகிய இடங்களில் நூற்றுக்கும் மேற்பட்டோர் சாட்சி சொன்னார்கள். சிறுவயதுத் தோழியர், கூடப் போரிட்டவர்கள், இறுதியில் ஒப்புரவு அருளடையாளம் வழங்கிய துறவி என்று பலர். எழுத்தர் மான்ஷோனும் வந்தார். அன்று பிரெஞ்சு மொழியில் தம் கையால் எழுதிய குறிப்பேட்டை நீதிமன்றத்தில் ஒப்படைத்தார்.

1456ஆம் ஆண்டு ஜூலை 7ஆம் நாள் ரூவான் பேராயர் இல்லத்தில் தீர்ப்பு வாசிக்கப்பட்டது. முந்தைய வழக்கு வஞ்சகமும் அநீதியும் நிறைந்தது, எனவே செல்லாது. குற்றச்சாட்டுப் படி ஒன்று அங்கேயே கிழிக்கப்பட்டது. எரிக்கப்பட்ட இடத்தில் சிலுவை நாட்ட ஆணை பிறந்தது. யாரும் தண்டிக்கப்படவில்லை, கோஷோன் 1442ஆம் ஆண்டே இறந்திருந்தார். ஜோன் புனிதர் என்றும் அந்தத் தீர்ப்பு சொல்லவில்லை. அதற்கு 1920ஆம் ஆண்டு மே 16ஆம் நாள்வரை, திருத்தந்தை பதினைந்தாம் பெனடிக்டின் காலம்வரை, காத்திருக்க வேண்டியிருந்தது.

இசபெல் அதைப் பார்க்கவில்லை. ஒர்லேயான் நகர் தந்த மாத உதவித்தொகையில் வாழ்ந்து, 1458ஆம் ஆண்டு நவம்பர் 28ஆம் நாள் இறந்தார். தப்பறைக்காரியின் தாய் என்ற பெயர் நீங்கி, இரண்டு ஆண்டுகளும் சில மாதங்களும் அவர் வாழ்ந்திருந்தார்.