கதை கேட்ட பாலையா

மூன்றாம் வருஷம் மெக்கானிக்கல் படிக்கும்போது நம்ம ஹாஸ்டல் டே விழாவுக்கு, 'காதலிக்க நேரமில்லை' படத்தில் மகன் அப்பாவுக்குப் பேய்க்கதை சொல்லும் காட்சியைப் போடுவதென்று முடிவாச்சு. நாகேஷ் வேஷத்துக்கு அடிதடி. அப்பா வேஷத்துக்கு ஆளே இல்லை. பெரிய வசனம் கிடையாதே என்று என் தலையில் கட்டினார்கள். மேடையில் முழுசாகச் சொதப்பினேன். சும்மா உட்கார்ந்து கதை கேட்பது இவ்வளவு கஷ்டமா என்று அன்றைக்குப் பிறகுதான் டி.எஸ். பாலையாவை ஒழுங்காகப் பார்க்க ஆரம்பித்தேன்.

திருநெல்வேலிச் சீமைக்காரர். பிறந்தது 1914. நாடக மேடையிலிருந்து வந்தவர். முதல் படம் 1936ல் எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய 'சதி லீலாவதி'. எம்.ஜி.ஆருக்கும்கூட அதுதான் முதல் படம். பாலையா அதில் வில்லன். அடுத்த வருஷம் 'அம்பிகாபதி'யில் தியாகராஜ பாகவதருக்கு எதிராக மறுபடியும் வில்லன். இப்படி ஒரு முத்திரை விழுந்தால் சினிமாவில் அதோடு சரி. இவரோ 1949ல் அண்ணா எழுதிய 'வேலைக்காரி'யில் கதாநாயகனுக்கு யோசனை சொல்லும் கெட்டிக்கார நண்பனாக வந்தார்.

1964ல் ஸ்ரீதர் 'காதலிக்க நேரமில்லை' எடுத்தபோது பாலையா சினிமாவுக்கு வந்து 28 வருஷம் ஆகியிருந்தது. நாகேஷ் குரலை ஏற்றி இறக்கிக் கதை சொல்கிறார். கேட்கிறவர் முகத்தில் முதலில் அலட்சியம், பிறகு கொஞ்சம் ஆர்வம், அப்புறம் கண் உருள்கிறது, உடம்பு நாற்காலிக்குள் ஒடுங்குகிறது. அவர் பயப்படாவிட்டால் அந்தக் கதையில் பேயே கிடையாது! நான் முதல் வரியிலேயே பயந்துவிட்டேன். அப்புறம் போவதற்கு எனக்கு இடமில்லை.

அடுத்த வருஷம் 'திருவிளையாடல்'. ஹேமநாத பாகவதராகப் பாண்டியன் சபையில் தலைக்கனத்தோடு பாடுகிறார். குரல் பாலமுரளி கிருஷ்ணாவுடையது; கர்வம் பாலையாவுடையது. பிறகு ராத்திரியில் ஒரு விறகுவெட்டியின் பாட்டைக் கேட்டு அந்தக் கர்வம் இறங்குகிறது பாருங்கள், இங்கேயும் கேட்பதுதான் அவர் வேலை. 1968ல் 'தில்லானா மோகனாம்பா'ளில் சிவாஜியின் நாதஸ்வரத்துக்குப் பக்கத்தில் தவில்காரர் முத்துராக்கு. நாயனக்காரரின் முகத்தைப் பார்த்தே அடுத்த அடி விழும். நிஜத் தவில் வித்வான் என்றே என் பாட்டி ரொம்ப நாள் நம்பினார்.

1972 ஜூலையில் காலமானார். வயது 57தான். சென்னையில் தூர்தர்ஷன் வந்தது 1975ல். அதை அவர் பார்க்கவில்லை. ஆனால் எங்கள் பேட்ச் அவரைத் தெரிந்துகொண்டதே டி.வி.யில்தான்.

இந்த ரீயூனியனில் அதே காட்சியை மறுபடி போடுகிறோம். அப்பா வேஷத்தை இந்தத் தடவை நானே கேட்டு வாங்கியிருக்கிறேன்.