நோக்கமில்லா நடை
(இரண்டாமாண்டு பி.எஸ்ஸி., இயற்பியல்)

காமிராவைக் கையில் எடுத்தோர் எல்லாரும் கலைஞர் ஆகிவிடுவதில்லை. காணும் கண்தான் கலையைப் படைக்கிறது. அத்தகைய கண் படைத்தவர், செக் நாட்டுத் திரைக்கலைஞர் அலெக்சாண்டர் ஹாக்கன்ஷ்மீட்.

1907 டிசம்பர் 17ஆம் நாள் ஆஸ்திரியாவின் லின்ஸ் நகரில் பிறந்த அவர், பிராக் நகரில் புகைப்படக் கலைஞராகப் பெயர் பெற்றார். 1930இல் ‘நோக்கமில்லா நடை’ என்னும் சிறு படத்தை எடுத்தார். அதில் கதையில்லை, வசனமில்லை. ஓர் இளைஞன் டிராம் ஏறி நகரின் ஓரத்திற்குச் செல்கிறான், ஆலைகளையும் ஆற்றங்கரையையும் பார்த்தபடி நடக்கிறான், புல்தரையில் படுக்கிறான். அவன் எழுந்து போன பின்பும் அவனே அங்குக் கிடக்கிறான்! உள்ளதை உள்ளவாறே காட்டிக்கொண்டு வந்த படம், அந்த ஒரு நொடியில் மனத்தின் உட்புறத்தைக் காட்டிவிடுகிறது. செய்திப் படம் வேறு, சோதனைப் படம் வேறு என்னும் சுவரை அவர் எழுப்பவே இல்லை.

என் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான். ‘இதைப் படித்தால் என்ன வேலை கிடைக்கும்?’ என்பதே எங்கள் வீட்டில் எழும் முதல் கேள்வி. வயிறு கேட்கும் கேள்வி அது, அதில் குற்றமில்லை. ஆனால் பயன் கருதாமல் பார்க்கும் உரிமை வசதி படைத்தோர்க்கு மட்டுமா உரியது? ஹாக்கன்ஷ்மீடின் வாழ்வில் இதற்கு விடை உண்டு. அவரும் பிழைப்புக்காக உழைத்தவரே. ஸ்லின் நகரில் பாட்டா காலணி நிறுவனத்தின் படப்பிரிவில் வேலை பார்த்தார். அங்கு உருவான ‘சாலை பாடுகிறது’ (1937) வெறும் டயர் விளம்பரம்தான். ஆயினும், வீணாய் நடந்து பழகிய கண்ணே அந்தச் சாலையில் தாளத்தைக் கண்டது.

ஹிட்லரின் கொடுங்கரம் தாய்நாட்டை நெருங்கிய நாட்களை ‘நெருக்கடி’ (1939) படத்தில் பதிவு செய்ய உதவினார். பின்னர் அமெரிக்கா சென்று ஹாமிட் எனப் பெயரைச் சுருக்கிக்கொண்டார். ஸ்டீன்பெக் எழுதிய ‘மறக்கப்பட்ட கிராமம்’ (1941) படத்தில் மெக்சிகோச் சிற்றூரின் முகங்களை ஒளியில் வடித்தார். நோயுற்ற ஊரைக் காக்க விரும்பும் சிறுவன், எதிர்ப்பை மீறி மருத்துவம் கற்க நகருக்குப் புறப்படுகிறான். அவனை என்னால் அயலானாக எண்ண முடியவில்லை.

1943இல் மனைவி மாயா டெரனுடன் தம் வீட்டிலேயே ‘பிற்பகலின் வலைகள்’ படத்தை எடுத்தார். ஒரு சாவி, ஒரு கத்தி, ஒரு பூ, இவையே கருவிகள். பிராகில் இளைஞன் இருவரானான்; இங்கே பெண்ணொருத்தி பலராகிறாள். புகழின் பெரும்பகுதி மாயாவைச் சேர்ந்தது. எனினும் 1930இல் விதைத்த விதையை அதில் காணாதிருக்க முடியாது. பிரான்சிஸ் தாம்சனுடன் எடுத்த ‘உயிரோடிருத்தல்’ (1964), மூன்று திரைகளில் ஒருசேர ஓடி ஆஸ்கர் பரிசும் பெற்றது.

2004இல் நியூயார்க்கில் அவர் மறைந்தார். நண்பர்களே! வேலைக்காகப் படிப்போம், தவறில்லை. நாளும் சிறிது நேரம் நோக்கமின்றியும் நடப்போம். வேலை வயிற்றை நிரப்பும். அந்த நடை கண்ணைத் திறக்கும்.