கணித மேதை ரீமான்

தொகையீட்டுக்குத் திட்டமான இலக்கணம் வகுத்த பெர்ன்ஹார்ட் ரீமான், ஜெர்மனியில் ஹனோவர் நாட்டைச் சேர்ந்த பிரெஸ்லென்ஸ் என்னும் சிற்றூரில் 1826-ஆம் ஆண்டு செப்டம்பர் 17-ஆம் நாள் பிறந்தார். தந்தையார் லூத்தரன் சபைக் குருவானவர். குடும்பமோ பெரிது, வருவாயோ சிறிது. மகனும் தம்மைப் போற் குருத்தொழில் பூணவேண்டும் என்பது தந்தையார் விருப்பம். அவ்வாறே 1846-இல் ரீமான் கோட்டிங்கன் சர்வகலாசாலையில் வேதசாஸ்திரம் பயிலப் புகுந்தார். ஆயின், அவருள்ளம் கணிதத்தையே நாடிற்று. தந்தையார் சொல்லைக் கடக்க மனமின்றி அவர்பால் உத்தரவு வேண்டினார், தந்தையாரும் இசைந்தார். வறியதோர் இல்லத்தில் அவ்விசைவு எளிதிற் பிறந்திராது என்றே எண்ணுகிறோம்.

பின்னர்ப் பெர்லின் சென்று டிரிஷ்லே என்னும் பேராசிரியரிடம் கற்று மீண்ட ரீமான், 1851-இல் டாக்டர் பட்டம் பெற்றார். ஆசிரியராகும் தகுதி பெறும்பொருட்டுத் திரிகோணமிதித் தொடர்களைப் பற்றி ஓர் ஆராய்ச்சியுரை இயற்றினார். தொகையீட்டைப் பற்றிய அவர்தம் இலக்கணம் அதன்கண் உள்ளது.

கோஷி என்னும் பிரெஞ்சு அறிஞர் 1823-இல் இடையறாத வளைகோடுகளுக்கு மட்டும் இதனை வரையறுத்திருந்தார். ரீமானோ எவ்வகை வளைகோட்டிற்கும் பொருந்துமாறு வினவினார். அடிக்கோட்டைச் சிறு துண்டுகளாக்குக. ஒவ்வொரு துண்டின் நீளத்தையும் ஆங்குள்ள வளைகோட்டின் உயரத்தாற் பெருக்கி, யாவற்றையும் கூட்டுக. உயரத்தைத் துண்டினுள் எவ்விடத்தில் எடுப்பினும், துண்டுகள் குறுகக் குறுகத் தொகை ஓரெண்ணையே அணுகுமாயின், அவ்வெண்ணே தொகையீடாம்.

இங்கே பெருக்கப்படுவன எண்களேயன்றி நிலப்பரப்பு அல்ல என்பதை மாணவர் நோக்குவாராக. வளைகோடு அடிக்கோட்டின் கீழே இறங்கினால் உயரம் கழித்தற்குறி பெறும். பெருக்கமும் அக்குறியே பெறும். சைன் வளைகோட்டில் 0 முதல் பை வரை தொகையீடு 2, பை முதல் இரண்டு பை வரை கழித்தல் 2, முழுத்தொகை பூஜ்யம். கண்ணெதிரே பரப்பிருக்கப் பூஜ்யம் எங்ஙனம் என மயங்குவோர் பலர். இரண்டு மைல் கிழக்கே சென்று இரண்டு மைல் மேற்கே மீண்டவன் நடந்தது நான்கு மைல். புறப்பட்ட இடத்தினின்று அகன்றதோ ஒன்றுமில்லை. நடந்த தூரம் வேண்டுவோர் குறியை நீக்கி உயரங்களைக் கூட்டுக. அப்பொழுது விடை 4. இருவேறு வினாக்களுக்கு இருவேறு விடைகள், பிழை ஒன்றுமில்லை.

இவ்வாறு ஒன்றையொன்று கழித்துக்கொள்வதே ரீமான் ஆராய்ந்த தொடர்களுக்கு உயிர்நிலை. அதிர்வெண் வேறுபட்ட இரு சைன் அலைகளைப் பெருக்கி ஒரு முழுச்சுற்று தொகையிட்டால் மேலும் கீழும் நிகராகிப் பூஜ்யமே எஞ்சும். அதனாலன்றோ கலந்த அலைகளுள் ஒவ்வொன்றையும் பிரித்து அளக்க இயலுகின்றது.

1854-இல் அவர் ஆசிரியரானார். அக்காலத்து அப்பதவிக்குச் சம்பளமில்லை. மாணவர் தரும் கட்டணமே ஊதியம். முதல் வகுப்பிற்கு வந்த மாணவர் எண்மர். அதுவே மிகுதியென மகிழ்ந்தார். அடுத்த ஆண்டில் தந்தையார் காலமானார். பின்னர் உடன்பிறந்தாரைத் தாங்கும் சுமையும் வந்து சேர்ந்தது. 1859-இல் டிரிஷ்லே மறைந்தபின் அவர் பீடம் ரீமானுக்குக் கிடைத்தது. 1862-இல் மணம் புரிந்தார். அவ்வாண்டே நெஞ்சுநோய் பற்றியது. உடல்நலம் நாடிப் பன்முறை இத்தாலி சென்றவர், 1866 ஜூலை 20-இல் மஜ்ஜோரே ஏரிக்கரையில், நாற்பது நிரம்புமுன் உயிர்நீத்தார்.

அவ்வாராய்ச்சியுரை அதுவரை அச்சேறவில்லை. நண்பர் டெடிகிண்ட் கையெழுத்துப் படியை வெளியிட, 1868-இல் உலகம் அதனைக் கண்டது.