எழுத்துப்படி வாசிக்கச் சொன்ன அல்குயின்

இங்கிலாந்து தேசத்தின் வடபாகத்தில், நார்தம்பிரியா என்னும் இராச்சியத்தில், ஏறக்குறைய 735-ம் ஆண்டில் அல்குயின் பிறந்தார். சிறு வயதிலேயே யார்க் நகரின் மேற்றிராசனப் பள்ளிக்கூடத்தில் விடப்பட்டார். அந்நகரின் மேற்றிராணியாராயிருந்த எக்பர்ட் என்பவர், சாஸ்திரங்களில் கரைகண்ட அர்ச். பீட் என்பவரிடம் பாடம் கேட்டவர். பள்ளியை நடத்திவந்த எல்பர்ட் என்பவரோ புத்தகங்களைத் தேடிக் கடல் கடந்து போய் வந்தவர். இவ்விருவர் நிழலில் வளர்ந்த அல்குயின் பிற்பாடு அதே பள்ளிக்குத் தலைமையாசிரியரானார். தியாக்கோன் பட்டத்துக்கு மேல் அவர் போகவில்லை.

ஒரு சங்கதியை வாசகர் இங்கே மனதில் வைத்துக்கொள்ள வேண்டும். யார்க் நகரில் இலத்தீன் ஒருவருக்கும் தாய்மொழியல்ல. பிள்ளைகள் வீட்டில் ஆங்கிலோ-சாக்சன் பாஷையைப் பேசிவிட்டு, பள்ளியில் இலத்தீனைப் புத்தகத்திலிருந்து எழுத்தெழுத்தாய்க் கற்றார்கள். எழுதியிருக்கும் ஒவ்வோர் எழுத்துக்கும் ஓர் ஒலி. அதை விழுங்காமல் சொல்ல வேண்டும். அல்குயினும் அப்படித்தான் கற்றார், அப்படித்தான் கற்பித்தார்.

பிரான்சு தேசத்தின் நிலைமை வேறு. அங்கே கிறிஸ்து பிறப்பதற்கு ஏறக்குறைய 50 ஆண்டுகளுக்கு முன் ஜூலியஸ் சீசரின் படைகளோடு இலத்தீன் வந்து இறங்கியது. காலக்கிரமத்தில் அதுவே ஜனங்களின் தாய்மொழியாயிற்று. பாட்டியிடமிருந்து தாய்க்கும், தாயிடமிருந்து பிள்ளைக்குமாக எண்ணூறு வருடம் வாய்மாறி வந்த பாஷை, ஆற்றில் உருளும் கல்லைப்போல் தேய்ந்துபோயிற்று. நூறு என்னும் எண்ணுக்கு உரோமையர் ‘கெந்தும்’ என்றார்கள். பிரான்சில் அது முதலில் ‘த்ஸெந்த்’ என்பதுபோல் ஆகி, இன்று ‘சான்’ என்பதில் வந்து நிற்கிறது. ‘அவுகுஸ்துஸ்’ என்ற மாதத்தின் பெயர் இன்று அவர்கள் வாயில் வெறும் ‘ஊத்’.

இதை எவரும் கூடித் தீர்மானித்துச் செய்யவில்லை. ‘கு’ என்று சொல்லிப் பாருங்கள்; பிறகு ‘கி’ என்று சொல்லிப் பாருங்கள். இரண்டாவது தடவை நாக்கு அண்ணத்தைத் தொடும் இடம் சற்று முன்னே வந்திருக்கும். இகர எகரங்களுக்கு முன் நாக்கு இப்படி முன்னே நழுவி நழுவி, சில தலைமுறைகளில் ககரம் சகரமாகிவிடுகிறது. நம் தமிழிலும் இது நடந்ததுண்டு. நாம் ‘செவி’ என்பதைக் கன்னடர் ‘கிவி’ என்கிறார்கள். ககரமே பழையது என்பது மொழிநூலார் முடிவு. சொல்லின் கடைசி அசைகள் அழுத்தமில்லாமல் ஒலிப்பதால் அவை முதலில் மங்கி, பின்பு உதிர்ந்தும் போகின்றன. ‘யாக்கோபுஸ்’ என்ற நாமம் பிரான்சில் ‘ஜாக்’ ஆனதும், ஸ்பெயின், போர்ச்சுகல் தேசங்களில் ‘யாகோ’ ஆகி, அர்ச்சியசிஷ்டவர் என்பதற்கான ‘சந்த்’ முன்னே ஒட்டிக்கொண்டு, நம் பங்குகளில் பலருக்கு வழங்கும் ‘சந்தியாகு’ ஆனதும் இவ்வாறுதான்.

வாய் மாறினாலும் எழுத்து மாறவில்லை. நாம் ‘ஐந்து’ என்று எழுதி ‘அஞ்சு’ என்று சொல்வதுபோல, அவர்கள் பழைய இலத்தீனை எழுதிவிட்டுத் தங்கள் வாய்க்கு வந்தபடி ஒலித்தார்கள். இலக்கணம் அறியாதவர் கையில் இது ஆபத்தாகவும் முடிந்தது. அல்குயின் சிறுவனாயிருந்த 746-ம் ஆண்டில் பவேரியா நாட்டில் ஒரு குருவானவர், ஞானஸ்நானம் கொடுக்கும்போது சொற்களின் கடைசி ஒலியைத் தவறவிட்டார். பிதாவின் நாமம் தாய்நாட்டின் நாமமாகவும், சுதனின் நாமம் மகளின் நாமமாகவும் பொருள்படலாயிற்று. அந்த ஞானஸ்நானம் செல்லாது, திரும்பக் கொடுக்க வேண்டும் என்றார் அர்ச். போனிப்பாசியார். விஷயம் உரோமைக்குப் போயிற்று. பதிதத்தால் அல்ல, அறியாமையால் நாக்குத் தவறியதால் அது செல்லும் என்று சக்கரியாஸ் பாப்பரசர் தீர்ப்பளித்தார். குழந்தைகளைப் பெற்றவர்கள் அதுவரையில் என்ன பாடு பட்டிருப்பார்கள்!

781-ம் ஆண்டில் அல்குயின் உரோமைக்குப் போய்த் திரும்பும் வழியில், இத்தாலியிலுள்ள பார்மா நகரில் பிராங்கு அரசரான சார்லமேனைச் சந்தித்தார். அரசர் அவரை விடவில்லை. அடுத்த ஆண்டு முதல் அல்குயின் அரண்மனைப் பள்ளியின் ஆசிரியர். அரசரே அவருக்கு மாணாக்கர். சார்லமேன் தலையணைக்கடியில் எழுதுபலகையை வைத்துக்கொண்டு, முதிர்ந்த வயதில் எழுத்துப் பழகியதாக அவர் சரித்திரம் எழுதிய ஐன்ஹார்டு சொல்லுகிறார். கை கடைசிவரை திருந்தவில்லையாம். ஆனாலும் 789-ல் அந்த அரசர் பிறப்பித்த பெரிய கட்டளையில், பிள்ளைகள் வாசிக்கப் பள்ளிகள் வேண்டும், கோவிற் புத்தகங்கள் பிழையின்றித் திருத்தப்பட வேண்டும் என்று கண்டிருப்பதில் அல்குயின் கை இருப்பதாக அறிஞர் கருதுகிறார்கள்.

796-ல் அவர் தூர்ஸ் நகரிலுள்ள அர்ச். மார்த்தீனார் மடத்துக்கு அதிபரானார். அங்கே திருத்திய வேதாகமப் பிரதிகள் எழுதப்பட்டன. தெளிவான சிற்றெழுத்து முறை ஒன்று அங்கே செழித்தது. அவர் கண்டுபிடித்ததல்லவாயினும், இன்று உரோமன் எழுத்தில் அச்சாகும் புத்தகங்களின் சிற்றெழுத்துக்கு அதுவே மூதாதை. எழுத்திலக்கணம் பற்றியும் ஒரு சிறு நூல் செய்தார். எந்தச் சொல்லை எந்த எழுத்தால் எழுத வேண்டும், ஒலியில் மயங்கும் சொற்களை எப்படிப் பிரித்தறிய வேண்டும் என்பதே அதன் பொருள். தூர்ஸ் ஜனங்களின் நாட்டுப்புறத்தனத்தோடு தினந்தோறும் போராட வேண்டியிருக்கிறது என்று அரசருக்குக் கடிதமும் எழுதினார். கிழவருக்கு அந்த ஊர்ப் பேச்சு காதில் நாராசமாய் விழுந்திருக்க வேண்டும்.

அவருடைய திருத்தம் மக்களை எப்படித் தொட்டது என்பதுபற்றி, லிவர்பூல் சர்வகலாசாலையைச் சேர்ந்த ரோஜர் ரைட் என்பவர் 1982-ல் ஒரு நூலில் எழுதினார். முன்பு குருவானவர் பழைய பிரசங்கத்தைப் புத்தகத்திலிருந்து வாசித்தாலும், ஊரார் பேச்சொலியிலேயே வாசித்ததால் ஜனங்களுக்கு ஓரளவு புரிந்தது. எழுத்துக்கு எழுத்து ஒலிக்க வேண்டும் என்றானபிறகு, உதிர்ந்துபோன அசைகளெல்லாம் திரும்பி வந்தன. இலத்தீன் சுத்தமாயிற்று, ஜனங்களுக்கு விளங்காமலும் போயிற்று. இதுவே அவர் கருத்து. எல்லா அறிஞரும் இதை ஒப்புக்கொள்ளவில்லை. தேய்மானம் அதற்கு முன்பே அந்த அளவுக்கு முற்றிவிட்டது என்பாரும் உண்டு. எப்படியிருந்தாலும் பாரம் விழுந்தது பின்வரிசையில் நின்ற உழவர்மேல்தான்.

அல்குயின் அவர்களை மறந்தவர் என்று சொல்வது அநியாயம். சாக்சன் ஜனங்களை வாள்முனையில் ஞானஸ்நானத்துக்கு இழுத்தபோது, விசுவாசம் மனம் ஒப்பி வருவது, கட்டாயத்தால் வருவதல்ல, முதலில் போதியுங்கள் என்று அரசவைக்குத் துணிந்து எழுதியவர் அவரே. போதனை விளங்க வேண்டும் என்பதில் அவருக்கு இரண்டாம் எண்ணமில்லை. பாஷை சுத்தமானால் போதனையும் சுத்தமாகும் என்று நம்பினார்.

804-ம் ஆண்டு மே மாதம் 19-ம் தேதி அவர் தூர்ஸ் நகரில் மரித்தார். தம் கல்லறைக்கான செய்யுளையும் தாமே எழுதி வைத்திருந்தார்.

ஒன்பது ஆண்டுகள் கழித்து, 813-ல், சார்லமேன் கட்டளைப்படி ஐந்து நகரங்களில் மேற்றிராணிமார் சங்கம் கூடியது. அவற்றுள் ஒன்று அதே தூர்ஸ் நகர். அங்கே கூடியவர்கள், பிரசங்கத்தை எல்லாரும் எளிதில் உணரும்படி நாட்டுப்புற உரோமை பாஷையிலாவது ஜெர்மானிய பாஷையிலாவது பெயர்த்துச் சொல்ல வேண்டும் என்று விதித்தார்கள். பூசை இலத்தீனிலேயே நின்றது. பிரசங்கம் ஜனங்களிடம் இறங்கி வந்தது. கொச்சை என்று எண்ணப்பட்ட பேச்சு, பெயர்த்துச் சொல்ல வேண்டிய தனிப் பாஷை என்று திருச்சபையின் சட்டத்தில் இடம் பெற்றது.

842-ல் சார்லமேனின் பேரர் இருவர் ஸ்திராஸ்பூர்க் நகரில் தங்கள் சேனைகளின் முன் சத்தியம் செய்து உடன்படிக்கை பண்ணினார்கள். வீரர்களுக்குப் புரிய வேண்டுமே என்று ஜெர்மானிய பாஷையிலும் அந்த நாட்டுப்புற உரோமை பாஷையிலும் சொன்னார்கள். அதை ஒலித்தபடியே எழுதி வைத்தவர் நித்தார்டு என்பவர். பிரெஞ்சு மொழியில் நமக்குக் கிடைத்திருக்கும் மிகப் பழைய வாசகம் அதுவே. நித்தார்டின் தந்தையாகிய ஆங்கில்பர்ட், அரண்மனையில் அல்குயினைச் சூழ்ந்திருந்த கூட்டத்தில் ஒருவர், அவருக்கு நெருங்கிய நண்பர்.