வளர்ந்தபின் கற்ற தமிழ்

யாழ்ப்பாணத்துத் தீவகத்தில், ஊர்காவற்றுறைக்கு அருகே கரம்பன் என்றொரு சிற்றூர் உள்ளது. 1913ஆம் ஆண்டு ஆகஸ்டு 2ஆம் நாள் அவ்வூரில் சேவியர் பிறந்தார். பின்னாளில் தம் முன்னோர் பெயரைத் தம் பெயருடன் இணைத்துச் சேவியர் தனிநாயகம் ஆனார். துறவு பூண்டு குருவானவராக வாழ்ந்ததால் மக்கள் அவரைத் தனிநாயகம் அடிகளார் என்று அழைத்தனர்.

உலகத் தமிழாராய்ச்சி மாநாடு என்றதும் நினைவுக்கு வரும் முதற்பெயர் அவருடையது. சங்க இலக்கியத்தை உலக அறிஞர்களிடையே எடுத்துச் சென்றவர் என்று அவரைப் போற்றுகிறோம். ஆகவே, அவர் சிறு வயது முதலே தமிழ் நூல்களில் மூழ்கித் திளைத்திருப்பார் என்று எண்ணத் தோன்றும். உண்மை அதுவன்று. இலக்கியத் தமிழை அவர் முறையாகக் கற்கத் தொடங்கியபோது அவருக்கு வயது ஏறத்தாழ இருபத்தேழு.

அதற்குக் காரணம் அன்றைய கல்விமுறை. யாழ்ப்பாணத்துப் புனித பத்திரிசியார் கல்லூரியில் அவர் பயின்ற காலத்தில் ஆங்கிலமே கல்வியின் மொழியாக இருந்தது. வரலாறும் கணிதமும் அறிவியலும் அம்மொழியிலேயே கற்பிக்கப்பட்டன. வீட்டில் தமிழ், பள்ளியில் ஆங்கிலம் என்ற நிலை. பின்னர்க் கொழும்பில் குருமடம். 1934இல் உரோமாபுரிக்குப் பயணம். அங்கே ஐந்தாண்டுகள் இறையியல் பயின்றார். இலத்தீனும் இத்தாலியமும் அவருக்குக் கைவந்தன. ஐரோப்பிய மொழிகள் வேறு சிலவற்றையும் கற்றார். ஐரோப்பிய இலக்கியங்களை மூலமொழியிலேயே படிக்கக்கூடிய அந்த இளைஞருக்குக் குறுந்தொகையையும் புறநானூற்றையும் ஆசிரியரிடம் அமர்ந்து பாடங்கேட்கும் வாய்ப்பு மட்டும் அதுவரை கிட்டவில்லை.

தமிழர் வீட்டில் பிறந்தவருக்குத் தமிழ் எப்படி இரண்டாம் மொழி ஆகும் என்று நீங்கள் கேட்கலாம். டெங்கிலில் வாழும் ஒரு மாணவரை எண்ணிப் பாருங்கள். வீட்டில் அம்மாவிடம் தமிழில் பேசுகிறார். கடையிலும் பேருந்திலும் மலாய், கைப்பேசியில் ஆங்கிலம். அவரிடம் ஒரு சங்கப் பாடலைக் கொடுத்தால், வீட்டுத் தமிழ் அவருக்கு எவ்வளவு தூரம் துணைவரும்? பேச்சுத் தமிழுக்கும் பழைய இலக்கியத் தமிழுக்கும் இடையே உள்ள தொலைவு பெரியது. அத்தொலைவைக் கடப்பதற்குப் புதியதொரு மொழியைக் கற்பதைப் போன்ற உழைப்பு வேண்டும்.

1940ஆம் ஆண்டில் அடிகளார் திருநெல்வேலி மாவட்டத்து வடக்கன்குளத்திற்கு வந்தார். அங்குள்ள புனித தெரேசா பள்ளியில் துணைத் தலைமையாசிரியர் பொறுப்பு அவருக்கு. பள்ளியில் அவர் ஆசிரியர். பள்ளிக்கு வெளியே மாணவர். பண்டிதர் குருசாமி சுப்பிரமணிய ஐயரிடம் தமிழ் இலக்கண இலக்கியங்களைப் பாடங்கேட்டார். உரோமையில் பட்டம் பெற்ற ஒருவர், ஒரு பள்ளியை நடத்தும் பொறுப்பில் இருந்துகொண்டே, எழுத்தும் சொல்லும் யாப்பும் கற்க மீண்டும் ஆசிரியர்முன் அமர்வது எளிதன்று. தெரியாது என்பதை மற்றவர்முன் காட்டிக்கொள்ள வளர்ந்தவர்கள் கூசுவார்கள். வயது வந்தவர்கள் புதுமொழி கற்பதற்குப் பெருந்தடையாக இருப்பது பல வேளைகளில் மூளையன்று, இந்தக் கூச்சமே என்பது இக்கட்டுரையாசிரியரின் கருத்து. அடிகளாரிடம் அக்கூச்சம் தடையாக நிற்கவில்லை.

மொழி கற்பதற்கும் வயதுக்கும் உள்ள தொடர்பை அறிஞர்கள் ஆராய்ந்துள்ளனர். கனடாவைச் சேர்ந்த மூளை அறுவை மருத்துவர் பென்பீல்டு, மொழி கற்கும் ஆற்றல் குழந்தைப் பருவத்தில் சிறந்து விளங்குகிறது என்று 1959இல் எழுதினார். 1967இல் லென்னபர்க் என்பவர், மொழியை இயல்பாகப் பெறுவதற்குரிய பருவம் பூப்புக் காலத்தோடு முடிவடைகிறது என்னும் கருத்தை விரிவாக முன்வைத்தார். இக்கருத்து இன்றும் விவாதிக்கப்படுகிறது. நெதர்லாந்து நாட்டில் டச்சு மொழி கற்ற ஆங்கில மொழியினரிடம் நடத்தப்பட்டு 1978இல் வெளிவந்த ஓர் ஆய்வு வேறொரு படத்தைக் காட்டியது. கற்கத் தொடங்கிய முதல் மாதங்களில் விரைவாக முன்னேறியவர்கள் சிறு குழந்தைகள் அல்லர். 12 முதல் 15 வயது வரையிலான மாணவர்கள். அஃதாவது, ஏறக்குறைய உங்கள் வயதினர். வளர்ந்தவர்களும் தொடக்கத்தில் நன்றாகவே முன்னேறினர்.

இதைச் சற்று விளக்கலாம். பிற மொழியின் ஒலியைப் பிசகாமல் பலுக்குவதில் சிறுவயதில் தொடங்கியவர்களுக்கே நீண்டகால வெற்றி. வளர்ந்தபின் கற்பவரின் பேச்சில் தாய்மொழியின் சாயல் பெரும்பாலும் தங்கிவிடும். ஆனால், வளர்ந்தவர் விதியை விதியாகவே புரிந்துகொள்வார். முன்பே அறிந்த மொழியோடு ஒப்பிடுவார். எதற்காகக் கற்கிறோம் என்பதும் அவருக்குத் தெரியும். அடிகளாருக்கு இவ்விரு பேறுகளும் ஒருசேர வாய்த்தன. ழகரமும் ளகரமும் தொட்டிலிலேயே வந்துவிட்டன. இலக்கணத்தை அணுகும்போதோ இலத்தீன் இலக்கணம் கற்ற அறிவு துணைநின்றது. முப்பது வயதளவில் இத்தாலியிலிருந்து வந்து தமிழ் கற்ற வீரமாமுனிவருக்கு இவற்றுள் முதற்பேறு இல்லை. ஆயினும் அவர் தேம்பாவணி பாடினார், சதுரகராதி தொகுத்தார்.

வடக்கன்குளத்துக் கல்வி அடிகளாருக்குப் போதவில்லை. 1945இல் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் தமிழ் மாணவராகச் சேர்ந்தார். அப்போது வயது முப்பத்திரண்டு. தெ. பொ. மீனாட்சிசுந்தரனார் போன்ற பேரறிஞர்களின் வழிகாட்டலில் முதுகலை முடித்து, ஆய்வுப் பட்டமும் பெற்றார். சங்கப் பாடல்களில் இயற்கை என்பதே அவருடைய ஆய்வுப் பொருள். குறிஞ்சியும் முல்லையும் மருதமும் வெறும் நிலப் பின்னணி அல்ல, அவை மனித உணர்வோடு பிணைந்தவை என்பதைக் கிரேக்க, இலத்தீன் கவிதைகளோடு ஒப்பிட்டு அவர் விளக்கினார். காலம் தாழ்த்திக் கற்றதன் நன்மை இங்கே தெளிவாகத் தெரிகிறது. பிற இலக்கியங்களைக் கற்றுவிட்டு வந்த கண்களுக்குத்தான் சங்கப் பாடலின் தனித்தன்மை அவ்வளவு புதிதாகத் தோன்றியது.

அதன்பின் அவர் ஓய்ந்திருக்கவில்லை. பல நாடுகளுக்குப் பயணம் செய்து தமிழ்பற்றி உரையாற்றினார். 1952இல் தமிழ்ப் பண்பாடு குறித்த ஆங்கில ஆய்விதழைத் தொடங்கினார். இலங்கைப் பல்கலைக்கழகத்தில் கல்வியியல் கற்பித்தார். இலண்டனில் முனைவர் பட்டம் பெற்றார்.

அவருடைய தேடல்களுள் ஒன்றை இங்கே சற்று விரிவாகச் சொல்லவேண்டும். ஐரோப்பிய நூலகங்களில் மறைந்துகிடந்த பழைய தமிழ் அச்சு நூல்களை அவர் தேடிச் சென்றார். 1554இல் லிஸ்பனில் அச்சான ஒரு நூலைப் பற்றி ஆராய்ந்து எழுதினார். அதில் தமிழ்ச் சொற்கள் உரோமன் எழுத்தில் அச்சிடப்பட்டிருந்தன. வத்திக்கான் நூலகத்தில் அவர் கண்டெடுத்தது ஒரு தமிழ்-போர்த்துக்கீசிய அகராதி. அந்தம் தெ புரோயென்சா என்னும் போர்த்துக்கீசியத் துறவி தொகுத்தது. அவர் இறந்து பல ஆண்டுகளுக்குப் பின்னர், 1679இல் கேரளத்து அம்பலக்காட்டில் அச்சேறியது. பதினேழாம் நூற்றாண்டில் மக்கள் வழங்கிய தமிழ்ச் சொற்கள் பல அதில் பதிவாகியுள்ளன. கடல்கடந்து வந்து, வளர்ந்தபின் தமிழ் கற்ற ஒருவரின் உழைப்பு அது. அதனை மீட்டவரும் வளர்ந்தபின் இலக்கியத் தமிழ் கற்றவரே. அந்த அகராதி 1966இல் மீண்டும் வெளியிடப்பட்ட இடம் எது தெரியுமா? நம் கோலாலம்பூர்.

1961இல் அடிகளார் மலாயாப் பல்கலைக்கழக இந்திய ஆய்வியல் துறைக்குப் பேராசிரியராக வந்தார். பிரிக்பீல்ட்ஸ் பகுதியிலிருந்து அதிகத் தொலைவில் இல்லாத பந்தாய் பள்ளத்தாக்கில் அமைந்தது அப்பல்கலைக்கழகம். அங்குத் தமிழ் இடம்பெற்றதன் பின்னே ஒரு போராட்டமே உண்டு. அத்துறையில் தமிழுக்கு முதன்மை வேண்டும் என்று கோ. சாரங்கபாணி குரல் எழுப்பினார்; தமிழ் எங்கள் உயிர் என்னும் பெயரில் அவர் திரட்டிய நிதிக்குச் சாதாரண மக்களும் வாரி வழங்கினர். அம்மக்களின் நம்பிக்கை வீண்போகாதபடி அடிகளார் 1969 வரை அங்குப் பணியாற்றினார்.

1964 ஜனவரியில் புதுதில்லியில் கீழ்த்திசை ஆய்வாளர் மாநாடு நடைபெற்றது. அங்குக் கூடியிருந்த அறிஞர்களை வ. அய். சுப்பிரமணியமும் அடிகளாரும் ஒன்றுசேர்த்தனர். உலகத் தமிழாராய்ச்சி மன்றம் பிறந்தது. அடிகளாரும் செக் நாட்டு அறிஞர் கமில் சுவலபிலும் அதன் செயலாளர்கள் ஆயினர். பிரான்சு நாட்டு பிலியோசாவும் தொடக்கம் முதலே முன்னின்றார். அவர் கண் மருத்துவராக இருந்து இந்தியவியலுக்கு வந்தவர். அம்மன்றத்தில் இருந்த மேலைநாட்டு அறிஞர்களுள் எவரும் தமிழைத் தாய்மடியில் கற்றவர் அல்லர் என்பது கவனிக்கத்தக்கது.

இரண்டாண்டுகள் கழித்து, 1966 ஏப்ரலில், முதலாவது உலகத் தமிழாராய்ச்சி மாநாடு கோலாலம்பூரில் கூடியது. நம் நாட்டின் முதல் பிரதமர் துங்கு அப்துல் ரஹ்மான் அதனைத் தொடக்கி வைத்தார். தமிழ் பெரும்பான்மையோரின் மொழியாக இல்லாத ஒரு நாட்டில் அம்முதல் மாநாடு நடந்தது நமக்குப் பெருமை. அதனைத் தொடர்ந்து சென்னையிலும் பாரிசிலும் யாழ்ப்பாணத்திலும் மாநாடுகள் நடந்தன.

மலேசியாவிலிருந்து ஓய்வு பெற்ற பின்னும் அடிகளார் ஐரோப்பாவில் கற்பித்தார்; பின்னர் யாழ்ப்பாணம் திரும்பினார். 1980ஆம் ஆண்டு செப்டம்பர் 1ஆம் நாள், அறுபத்தேழாம் வயதில், அங்கே காலமானார். வடக்கன்குளத்தில் பாடங்கேட்கத் தொடங்கியதிலிருந்து எண்ணினால், இலக்கியத் தமிழோடு அவர் வாழ்ந்த காலம் நாற்பது ஆண்டுகள்.