கர்னல் ஸி. கே. நாயுடு

அடிமைப்பட்ட தேசத்தில் விளையாட்டும் அரசியலுக்குப் புறம்பாக நிற்பதில்லை. ஆள்வோர் வகுத்த விதிகளின்படி, ஆள்வோரின் மைதானத்திலேயே, அவர்களுக்கு நிகராக நின்று ஆட ஓர் இந்தியனால் இயலுமா என்ற வினா அக்காலத்துக் கிரிக்கெட் பந்தயங்களில் மறைந்து நின்றது. அவ்வினாவிற்கு மட்டையால் விடை கூறியவர் கோட்டாரி கனகய்யா நாயுடு. தகுதியால் வரும் தலைமை எது, பட்டத்தால் வரும் தலைமை எது என்பதை அவருடைய சரித்திரம் நமக்குத் தெளிவாக உணர்த்துகிறது.

நாயுடு 1895-ஆம் வருஷம் அக்டோபர் 31-ஆம் தேதி நாகபுரியில் பிறந்தார். ஆந்திர நாட்டினின்று வடக்கே குடியேறிய தெலுங்குக் குடும்பம் அவருடையது. தமிழும் தெலுங்கும் அக்கம்பக்கமாக வழங்கும் திருத்தணி, கே.ஜி.கண்டிகை வட்டாரத்தினர் அவரை அயலாராகக் கருத இடமில்லை. 1916-இல் பம்பாயில் ஐரோப்பியரை எதிர்த்து ஹிந்து கோஷ்டியில் முதன்முதலாக இறங்கினார். அன்று அவர் எடுத்த முதல் ஓட்டங்களே எல்லைக்கு வெளியே பந்தைத் தூக்கியடித்துப் பெற்ற ஆறு ஓட்டங்களாகும்.

அதே காலத்தில் அமெரிக்காவில் பேஸ்பால் என்னும் பந்தாட்டத்தில் பேப் ரூத் என்பவர் அடியின் வன்மையால் பெரும் புகழ் எய்தினார். ஏழைக் குடியிற் பிறந்த அவருக்கு 1930-இல் 80,000 டாலர் சம்பளம் கிடைத்தது. ஜனங்கள் கொடுத்த நுழைவுக் கட்டணமே அச்சம்பளத்துக்கு ஆதாரம். நம் நாட்டிலோ ஆட்டக்காரனைப் போஷிக்க ஜனங்களின் சங்கம் எதுவும் இல்லை, சமஸ்தானங்களே புகலிடம். இந்தூர் மன்னர் ஹோல்கார் 1923-இல் நாயுடுவை அழைத்துத் தம் சேனையில் உத்தியோகம் அளித்தார். கர்னல் என்ற பட்டம் அவ்வழியே வந்தது. மட்டை பிடிக்கும் கைக்கு அரண்மனைதான் சோறிட வேண்டும் என்ற அக்கால நிலையை நாம் மறத்தலாகாது.

1926-ஆம் வருஷம் ஆர்தர் கில்லிகன் தலைமையில் ஆங்கிலக் கோஷ்டி ஒன்று இந்தியாவுக்கு வந்தது. டிசம்பர் 1-ஆம் தேதி, இந்தியரை அங்கத்தினராகச் சேர்க்காத பம்பாய் ஜிம்கானாவின் மைதானத்தில், நாயுடு 116 நிமிஷங்களில் 153 ஓட்டங்கள் குவித்தார். 11 முறை பந்து எல்லைக்கு மேலே பறந்து சென்றது. செய்தி பரவப் பரவ, பம்பாய் நகரத்து ஜனங்கள் அலுவல்களை விட்டு மைதானத்தைச் சூழ்ந்தனர். இந்தியா சர்வதேசப் பந்தயங்களில் இடம் பெறத் தகுதியுடையதே என்று கில்லிகனும் ஒப்புக்கொண்டார். 1928-இல் இந்தியக் கிரிக்கெட் போர்டு தோன்றியது.

1932-இல் இந்தியக் கோஷ்டி இங்கிலாந்துக்குப் புறப்பட்டபோது, போர்பந்தர் மகாராஜா தலைவராகவும், லிம்டி ராஜகுமாரர் உபதலைவராகவும் நியமனம் பெற்றனர். ஆனால் லார்ட்ஸ் மைதானத்தில் ஜூன் 25-ஆம் தேதி முதல் டெஸ்ட் பந்தயம் தொடங்கியபோது மகாராஜா தாமாகவே ஒதுங்கிக்கொண்டார், ராஜகுமாரர் காயமுற்றிருந்தார். தலைமை நாயுடுவிடம் வந்தது. பம்பாயில் மதவாரியாகப் பிரிந்து மோதிய ஹிந்துக்களும், முஸ்லிம்களும், பார்ஸிகளும், சீக்கியர் ஒருவரும் அன்று ஒரே அணியாக அவர் பின்னே நின்றனர். இங்கிலாந்தின் முதல் மூன்று விக்கெட்டுகள் 19 ஓட்டங்களுக்குள் விழுந்தன. பந்தைத் தடுக்கையில் கையில் அடிபட்ட நாயுடு, அக்கையுடனேயே ஆடி, முதல் இன்னிங்ஸில் நம்மவருள் அதிகமாக 40 ஓட்டங்கள் எடுத்தார். 158 ஓட்டங்களில் தோற்றோமாயினும் மானத்துடன் தோற்றோம். 1934 பிப்ரவரியில் சென்னைச் சேப்பாக்கத்தில் நடந்த முதல் டெஸ்டிலும் அவரே தலைவர்.

எனினும் 1936-இல் தலைமைப் பதவி அவருக்கு இல்லை. விஜயநகரம் மகாராஜகுமாருக்குப் போயிற்று. அந்த ஸர் பட்டதாரி மூன்று டெஸ்டுகளிலும் சேர்த்து எடுத்தவை 33 ஓட்டங்களே. கோஷ்டியில் பூசல் மலிந்தது. லாலா அமர்நாத் நடுவழியில் திருப்பி அனுப்பப்பட்டார். நாயுடு சாதாரண ஆட்டக்காரராகவே ஆடினார். ஓவல் மைதானத்தில், உடலில் பந்தின் அடியைத் தாங்கிக்கொண்டு 81 ஓட்டங்கள் எடுத்தார். அதுவே அவருடைய கடைசி டெஸ்ட் இன்னிங்ஸ். ஏழு டெஸ்டுகளில் அவர் எடுத்த 350 ஓட்டங்களை மட்டும் கொண்டு அவரை அளப்பவர் அவரை அறியாதவரே. முதல் டெஸ்டின்போதே அவருக்கு வயது 36 கடந்துவிட்டது. வாலிபத்தின் சிறந்த வருஷங்களில் தேசத்துக்கென்று ஒரு கோஷ்டியே இருக்கவில்லை.

அவர் சோர்ந்துவிடவில்லை. ரஞ்சிக் கோப்பைப் பந்தயத்தில் ஹோல்கார் கோஷ்டியை நான்கு முறை வெற்றி பெறச் செய்தார். 1945-46 இறுதிப் பந்தயத்தில், ஐம்பதாவது வயதில், பரோடாவுக்கு எதிராக 200 ஓட்டங்கள் எடுத்தார். கண்டிப்பு மிகுந்தவர், அதனால் பகைவரும் உண்டு. ஆனால் பிறரிடம் கேட்ட உழைப்பைத் தம் உடலிடமும் அவர் கேட்டார். 1956-57-இல், அறுபத்தொரு வயதிலும் ரஞ்சிப் பந்தயம் ஆடினார். 1956-இல் சுதந்திர இந்தியா அவருக்குப் பத்மபூஷண் விருதளித்தது. 1967 நவம்பர் 14-ஆம் தேதி இந்தூரில் காலமானார்.

மகாத்மா காந்தி 1940-இல் கண்டித்த மதவாரிப் பந்தயங்கள் 1946-க்குப் பின் ஒழிந்தன. சமஸ்தானங்களும் மறைந்தன. ஆனால் பட்டத்துக்குத் தலைவணங்கித் தகுதியைப் பின்வரிசையில் நிறுத்தும் வழக்கம் மைதானத்தோடு முடிந்துவிடுவதன்று. தலைமையைப் பறித்த பிறகும் கடமையை விடாத நாயுடுவின் வாழ்வு போற்றத் தக்கது. அத்தகையோரிடமிருந்து தலைமையைப் பறிக்காத சமுதாயத்தை அமைப்பது தேச ஊழியர்களின் பொறுப்பு.