மலைகள் எப்படி உருவாகின்றன? சரியான பதிலைச் சொல்லி கேலிக்கு ஆளான வானிலை விஞ்ஞானி

எவரெஸ்ட் உச்சியில் இருக்கும் சுண்ணாம்புப் பாறைக்குள் கடல்வாழ் உயிர்களின் புதைபடிவங்கள் இருக்கின்றன. 8,849 மீட்டர் உயரத்துக்குக் கடல் எப்படிப் போனது? கடல் போகவில்லை. கடலடித் தரைதான் மேலே தூக்கப்பட்டது. இன்று பள்ளிப் பாடத்தில் இருக்கும் இந்த விஷயத்தின் அடிப்படையை 1912-லேயே சொன்னவர் ஆல்ஃபிரட் வெகெனர். அதற்காக அவர் வாங்கிக் கட்டிக்கொண்டது கொஞ்சநஞ்சமல்ல.

1880 நவம்பர் 1-ல் பெர்லினில் பிறந்தவர். முனைவர் பட்டம் வாங்கியது வானியலில், ஆனால் மனசு போனது வானிலை பக்கம். 1906-ல் அண்ணன் கர்ட்டோடு பலூனில் ஏறி 52 மணி நேரத்துக்கும் மேல் பறந்து உலக சாதனை செய்தார். அதே ஆண்டில் கிரீன்லாந்து ஆய்வுப் பயணத்துக்குக் கிளம்பிவிட்டார். கவனியுங்கள், இதில் நிலவியல் எங்கேயும் இல்லை. பின்னாளில் அவரை மட்டம் தட்ட இதுவே வசதியாகப் போனது.

மலைகளுக்கு அன்றைய பேராசிரியர்கள் சொன்ன விளக்கம் ஆப்பிள். வாடிய ஆப்பிளின் தோல் சுருங்குகிற மாதிரி, பூமி ஆறஆற அதன் மேலோடு சுருங்கி மலைகள் எழும்பின என்றார்கள். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால், சுருக்கம் என்றால் பழம் முழுக்க அல்லவா விழ வேண்டும்? ஆண்டிஸ், ஆல்ப்ஸ், இமயம் எல்லாம் ஏன் நீண்ட, குறுகலான பட்டைகளாக மட்டும் நிற்கின்றன? போதாததற்கு, பாறைகளில் உள்ள கதிரியக்கத் தனிமங்கள் தொடர்ந்து வெப்பத்தை உண்டாக்குவதும் அப்போது தெரியவந்திருந்தது. அப்படியிருக்க, பூமி அவ்வளவு வேகமாக எப்படி ஆறும்?

1910 கிறிஸ்துமஸ் சமயத்தில் ஓர் உலக வரைபடப் புத்தகத்தைப் புரட்டியபோது, ஆப்பிரிக்காவின் மேற்குக் கரையும் தென் அமெரிக்காவின் கிழக்குக் கரையும் ஒன்றோடொன்று பொருந்துவது வெகெனர் கண்ணில் பட்டது. இதை அவருக்கு முன்பே பலர் பார்த்திருக்கிறார்கள். பார்த்துவிட்டு விட்டுவிட்டார்கள். இவர் விடவில்லை. அடுத்த ஆண்டு, இரண்டு கண்டங்களிலும் ஒரே மாதிரி புதைபடிவங்கள் கிடைப்பதைப் பற்றி நூலகத்தில் படித்தார். பிறகு மலைகளுக்கு வந்தார். அமெரிக்காவின் அப்பலாச்சியன் மலைத்தொடரின் தொடர்ச்சி ஸ்காட்லாந்திலும் நார்வேயிலும் இருக்கிறது. தென்னாப்பிரிக்காவின் கேப் மலைகளுக்கு அர்ஜென்டினாவில் ஜோடி இருக்கிறது. கிழிந்த செய்தித்தாளின் துண்டுகளைச் சேர்த்து வைக்கும்போது ஓரங்கள் மட்டுமல்ல, அச்சடித்த வரிகளும் சேர்ந்தால் அது ஒரே தாள்தான் என்று அவர் வாதிட்டார்.

அதுவரை இந்த ஒற்றுமைக்கெல்லாம் கடலில் மூழ்கிய நிலப்பகுதிகளைத்தான் காரணம் காட்டினார்கள். நமக்கு நன்கு பழக்கமான லெமூரியாவும் அப்படிப் பிறந்ததுதான். மடகாஸ்கரையும் இந்தியாவையும் இணைக்க 1864-ல் ஃபிலிப் ஸ்க்ளேட்டர் என்ற விலங்கியலாளர் முன்வைத்த பெயர் அது. நிலம் மூழ்கவில்லை, நகர்ந்தது என்றார் வெகெனர்.

1912 ஜனவரி 6-ல் பிராங்க்ஃபர்ட்டில் இதை முதன்முதலாகப் பேசினார். வயது 31. தரையில் விரித்த ஜமுக்காளத்தைச் சுவரை நோக்கித் தள்ளினால் மடிப்பு எங்கே விழும்? முட்டுகிற இடத்தில்தானே! இந்தியா வடக்கே நகர்ந்து ஆசியாவில் முட்டியதால் எழுந்த மடிப்புதான் இமயம். இடையில் இருந்த கடலின் சேறும் சேர்ந்து மேலே போய்விட்டது. முதல் உலகப் போரில் இரண்டு முறை காயம்பட்டு ஓய்வில் இருந்தபோது இதையே புத்தகமாக்கினார். 1915-ல் வந்த முதல் பதிப்பு வெறும் 94 பக்கம்.

நிலவியலாளர்கள் ஒத்துக்கொள்ளவே இல்லை. அவர்களை முழுக்கக் குறை சொல்லவும் முடியாது. இவ்வளவு பெரிய கண்டத்தை எது தள்ளுகிறது என்ற கேள்விக்கு வெகெனரிடம் உருப்படியான பதில் இல்லை. பூமியின் சுழற்சி, நிலவின் ஈர்ப்பு என்று அவர் காட்டிய விசைகள் மலையை எழுப்பப் போதாது என்று கணக்கே போட்டுக் காட்டினார்கள். 1926-ல் நியூயார்க்கில் கூடிய நிலவியலாளர்களில் பலர் கோட்பாட்டைப் பிய்த்து எறிந்தார்கள். ஜெர்மனியில் பேராசிரியர் பதவி அமையவில்லை. 1924-ல் ஆஸ்திரியாவின் கிராஸ் பல்கலைக்கழகம்தான் இடம் கொடுத்தது.

1930-ல் மறுபடியும் கிரீன்லாந்து, இந்த முறை ஆய்வுக் குழுவின் தலைவராக. கரையிலிருந்து 400 கிலோமீட்டர் உள்ளே, பனிப்பரப்பின் நடுவில் இருந்த முகாமில் கியோர்கி, சோர்கே என்ற இருவர் குளிர்காலம் முழுக்கத் தங்க வேண்டும். சாமான்கள் போதவில்லை. செப்டம்பரில் 15 நாய்வண்டிகளோடு வெகெனர் கிளம்பினார். குளிரைத் தாங்க முடியாமல் உள்ளூர் ஆட்கள் ஒவ்வொருவராகத் திரும்பிவிட, கடைசியில் எஞ்சியது மூன்று பேர். வெகெனர், சக ஆய்வாளர் லோவே, ரஸ்முஸ் வில்லும்சென் என்ற கிரீன்லாந்து இளைஞர். அக்டோபர் 30-ல் அவர்கள் போய்ச் சேர்ந்தபோது சாமான்கள் ஏறக்குறைய ஒன்றுமே மிஞ்சவில்லை. லோவேயின் கால்விரல்கள் பனியில் உறைந்துபோயிருந்தன. பேனாக்கத்தியால் வெட்டித்தான் எடுத்தார்கள்.

இருந்த உணவு ஐந்து பேருக்குக் காணாது. நவம்பர் 1, தன் 50-வது பிறந்தநாளில், வெகெனர் வில்லும்சென்னுடன் திரும்பக் கிளம்பினார். இருவரும் கரை சேரவில்லை. 1931 மே 12-ல், பாதி வழியில், பனியில் செங்குத்தாக நட்டிருந்த பனிச்சறுக்குக் கட்டைகளைத் தேடிப்போனவர்கள் பார்த்தார்கள். அடியில் வெகெனரின் உடல், துணியில் வைத்துத் தைத்து, கவனமாகப் புதைக்கப்பட்டிருந்தது. இதயம் நின்று இறந்திருக்கலாம் என்று கருதப்படுகிறது. புதைத்த வில்லும்சென் கிடைக்கவே இல்லை. அவரிடம் இருந்திருக்க வேண்டிய வெகெனரின் டைரியும்தான்.

முகாமில் இருந்த மூவரும் பிழைத்தார்கள். வெடி வைத்து எதிரொலியை அளந்து, அங்கே பனியின் தடிமன் இரண்டரை கிலோமீட்டருக்கும் அதிகம் என்று ஆய்வுக் குழு கண்டறிந்தது. கிரீன்லாந்து ஓரங்களில் மலை சூழ்ந்த கிண்ணம் மாதிரி. அதன் நடுப்பகுதியை அந்தப் பனியின் பாரமே கீழே அழுத்தி வைத்திருக்கிறது.

வெகெனர் தேடிய விடை கடலுக்கடியில் இருந்தது. 1960-களில், கடல் நடுவே நீளும் மலைத்தொடர்களில் புதிய தரை பிறந்து இருபுறமும் விலகுவது உறுதியானது. கண்டம் தனியாக நகரவில்லை. கடல்தரையையும் சேர்த்துச் சுமக்கும் தட்டுகள் நகர்கின்றன. கண்டத்தின் முன்விளிம்பு கசங்கியதுதான் ஆண்டிஸ் என்று அவர் நினைத்ததும் பாதிதான் சரி. அங்கே கடல்தட்டு கண்டத்துக்கு அடியில் போகிறது. இமய விஷயத்தில் அவர் சொன்ன மோதல் நிஜம். சுமார் 5 கோடி ஆண்டுகளுக்கு முன் தொடங்கிய அது இன்னும் நிற்கவில்லை.

கிரீன்லாந்து ஐரோப்பாவைவிட்டு விலகுவதை அளந்து காட்டிவிட்டால் எல்லோரும் நம்புவார்கள் என்று வெகெனர் கடைசிவரை எதிர்பார்த்தார். இப்போது செயற்கைக்கோள்கள் அளக்கின்றன. விலகுவது உண்மைதான், ஆண்டுக்கு ஏறக்குறைய 2 சென்டிமீட்டர். அவர் போட்ட கணக்கு மீட்டர்களில் இருந்தது.